அவதிக் கிரயம்: 700 ரூபாய்ப் பத்திரம் உச்ச நீதிமன்றம் வரை போன கதை

634 ரூபாய் 10 அணா. 65 ரூபாய் 6 அணா. 16 அணா ஒரு ரூபாய் என்ற பழைய கணக்கில் இரண்டையும் கூட்டினால் சல்லிக்காசு மிச்சமில்லாமல் 700 ரூபாய் வரும். 1930 ஏப்ரல் 15ஆம் தேதி பிகாரில் எழுதிய ஒரு பத்திரத்தின் கிரயத் தொகை இந்தக் கூட்டல்தான். முதல் தொகை பழைய கடன் பாக்கி. இரண்டாவது தொகை, எழுதிக்கொடுத்தவர்கள் அப்போது நடத்திக்கொண்டிருந்த ஒரு வழக்குக்கு வேண்டியிருந்த செலவு.

நிலத்துக்கு விலை பேசிப் பழகியவருக்கு இந்த இடத்திலேயே மூக்கில் வேர்த்துவிடும். நிலத்தின் விலை மண்ணைப் பார்த்து வரும், தண்ணீரைப் பார்த்து வரும், வண்டி போகிற பாதையைப் பார்த்து வரும். கடன் கணக்கில் தொங்கும் அணாவைப் பார்த்து வருவதில்லை. ஆனால் பத்திரம் என்னவோ கிரயப் பத்திரம்தான். நிபந்தனையோடு கூடிய கிரயம் என்று அதுவே தன்னைச் சொல்லிக்கொண்டது. இரண்டு ஆண்டுக்குள் பணத்தைத் திருப்பிக் கொடுத்தால் சொத்து எழுதிக்கொடுத்தவர்களுக்கே வந்துவிடும். கொடுக்காவிட்டால் வாங்கியவர் பரம்பரை பரம்பரையாக அனுபவித்துக்கொள்ளலாம். சாரம் இவ்வளவுதான்.

இது விற்பனையா, அடமானமா? முதல் நீதிமன்றம் அடமானம் என்றது. முதல் மேல்முறையீட்டிலும் அடமானம் என்றே முடிந்தது. பாட்னா உயர் நீதிமன்றம் இரண்டையும் புரட்டிப்போட்டு, இது முழு விற்பனை, திரும்ப வாங்கிக்கொள்ளும் ஒரு நிபந்தனை கூட ஒட்டிக்கொண்டிருக்கிறது, அவ்வளவுதான் என்றது. 1954இல் உச்ச நீதிமன்றம் அதையும் மாற்றி, அடமானமே என்று முடித்தது. ஏ.ஐ.ஆர். (ஆல் இந்தியா ரிப்போர்ட்டர்) என்ற தீர்ப்புத் தொகுப்பில் 1954 எஸ்.சி. 345 என்ற எண்ணோடு சுஞ்சுன் ஜா வழக்கு என்று சொன்னால் சிவில் வக்கீல் யாருக்கும் தெரியும். தீர்ப்பை எழுதியவர் நீதிபதி விவியன் போஸ். பத்திரம் பிறந்து 24 ஆண்டு ஆகியிருந்தது.

ஒரு சொல்லுக்கு இவ்வளவு சண்டை ஏன்

பேர் மாறினால் எல்லாம் மாறும் என்பதால்தான். விற்பனை என்றால் எழுதிக்கொடுத்தவரிடம் மிஞ்சுவது ஒரு தனிப்பட்ட சலுகை மட்டும். குறித்த கெடுவுக்குள், குறித்த தொகையை, குறித்த முறையில் கொடுத்தால் சொத்து திரும்பும். ஒரு நாள் தாண்டினாலும் கதவு மூடிக்கொள்ளும். 1930இல் எழுதிய பத்திரத்துக்கு 1932 ஏப்ரலோடு எல்லாம் முடிந்தது.

அடமானம் என்றால் கதை வேறு. கடன் இருக்கிறவரை மீட்கும் உரிமையும் இருக்கிறது. சொத்து மாற்றுச் சட்டத்தின் 60ஆம் பிரிவு தரும் இந்த உரிமையை, பத்திரத்தில் "கெடு தவறினால் நிலம் உனக்கே" என்று எழுதிப் பறித்துவிட முடியாது. அடமானம் ஒருமுறை அடமானமானால் கடைசிவரை அடமானம்தான் என்பது இந்தத் துறையின் பழைய வாக்கு. நிலத்தை நிரந்தரமாக எடுத்துக்கொள்ள விரும்பும் கடன் கொடுத்தவர், நீதிமன்றம் போய் மீட்புரிமையை அடைக்கும் தீர்ப்பு வாங்க வேண்டும். அங்கேயும் முதல்நிலைத் தீர்ப்பில் பணம் கட்ட அவகாசம் கொடுத்த பிறகுதான் இறுதித் தீர்ப்பு.

காலக்கெடுவையும் பாருங்கள். 1908ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் மீட்பு வழக்குக்கு 60 ஆண்டு கொடுத்தது. 1963ஆம் ஆண்டுச் சட்டம் அதை 30 ஆக்கியது. மறுகிரயம் எழுதித் தரும்படி கேட்கும் வழக்குக்கோ 3 ஆண்டுதான். ஒரே பத்திரத்துக்கு ஒரு பேர் வைத்தால் பேரன் காலம்வரை உயிர், இன்னொரு பேர் வைத்தால் இரண்டு தீபாவளிக்குள் சாவு. கீழ்க்கோர்ட்டில் தொடங்கிய வழக்கு டெல்லிவரை போனதில் வியப்பில்லை.

சென்னையில் விழுந்த முடிச்சு

பிகார் பத்திரத்தை வாசிக்குமுன் கொஞ்சம் பின்னால் போக வேண்டியிருக்கிறது. முடிச்சின் ஒரு முனை நம் ஊரில்தான் கிடக்கிறது.

கடனுக்கு ஈடாக நிலத்தைக் கிரயம் எழுதிக்கொடுத்து, கெடுவுக்குள் பணம் கட்டினால் திரும்ப எடுத்துக்கொள்ளும் வழக்கம் இந்தியா முழுவதும் பழையது. வட்டி வாங்கக் கூடாது என்ற சமய விதியை மீறாமல் கடன் கொடுக்க முஸ்லிம்கள் கைக்கொண்ட வழியாக வடக்கே இது பரவியது என்பார்கள். வட்டி பத்திரத்தில் தெரியாது, விளைச்சலில் ஒளிந்திருக்கும். சென்னை மாகாணத்தில் இதற்கு அவதிக் கிரயம் என்று பேர். இங்கே அவதி என்றால் கெடு. தமிழ் பேசுகிறவன் காதில் அந்தச் சொல் வேறு விதமாகவும் விழுகிறது என்பதற்குச் சட்டம் பொறுப்பில்லை.

கெடு தவறினால் நிலம் போய்விட்டது என்பதே பழைய வழக்கம். எழுத்து எழுத்தாக நிறைவேற்றுவார்கள். வங்காளத்தில் மட்டும் 1806ஆம் ஆண்டின் 17ஆவது ரெகுலேஷன் ஒரு தடுப்பு வைத்தது: அறிவிப்புக் கொடுத்து ஓர் ஆண்டு காத்திருந்த பிறகே நிலத்தை முழுசாக எடுத்துக்கொள்ளலாம். சென்னையில் அப்படி ஒரு சட்டம் இல்லை. ஆனால் 1858 முதல் இங்கிருந்த சதர் நீதிமன்றம் (அன்றைய மாகாண மேல்முறையீட்டு நீதிமன்றம்), ஆங்கிலேய சமநீதிக் கொள்கையைத் தானாகவே கையில் எடுத்து, கெடு போனாலும் மீட்கலாம் என்று தீர்ப்புச் சொல்லத் தொடங்கியது. சட்டம் போடாமலே சட்டத்தை மாற்றினார்கள்.

1870இல் பட்டாபிராமய்யர் வழக்கு, அன்றைய கடைசி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போனது. கவுன்சில் கறாராகச் சொன்னது: இந்த நாட்டின் பழைய சட்டப்படி இத்தகைய ஒப்பந்தம் எழுதியபடிதான் நிறைவேறும், சென்னை நீதிமன்றம் இங்கிலாந்துக் கொள்கையைக் கொண்டுவந்து நுழைத்தது தவறு. சொல்வது சுலபம். அதற்குள் பன்னிரண்டு ஆண்டுகளாக, கெடு தவறினாலும் மீட்கலாம் என்று நம்பி மாகாணம் முழுவதும் மக்கள் கடன் வாங்கியிருந்தார்கள். 1875இல் தம்புசாமி முதலியார் வழக்கில் அதே பிரிவி கவுன்சிலுக்குச் சங்கடம் புரிந்தது. 1858க்கு முந்தைய பத்திரம் ஒரு வகை, பிந்தையது வேறு வகை என்று கோடு கிழித்து, இனிச் சட்டமன்றம்தான் இதைச் சரிசெய்ய வேண்டும் என்று தள்ளிவிட்டது. தவறான தீர்ப்புகளும் போதுமான காலம் நின்றுவிட்டால் ஊர் வழக்கமாகிவிடுகின்றன என்பதற்கு இதைவிடச் சுத்தமான உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

1882இல் சொத்து மாற்றுச் சட்டம் வந்தது. 58ஆம் பிரிவின் (இ) உட்பிரிவு நிபந்தனைக் கிரய அடமானத்தை வரையறுத்தது. ஒருவர் "வெளித்தோற்றத்தில்" சொத்தை விற்கிறார். குறித்த தேதியில் பணம் கட்டாவிட்டால் விற்பனை முழுமையாகும், அல்லது கட்டினால் விற்பனை செல்லாததாகும், அல்லது கட்டினால் வாங்கியவர் திருப்பி எழுதிக்கொடுப்பார். மூன்றில் எந்த நிபந்தனை இருந்தாலும் அடமானம். பிரிவின் உயிர் "வெளித்தோற்றத்தில்" என்ற அந்த ஒரு சொல்லில் இருக்கிறது. பத்திரத்தில் கிரயம், விக்கிரயம், வாங்குபவர் என்று நூறு முறை எழுதியிருந்தாலும் அது ஒன்றையும் நிரூபிக்காது. விற்பனை வேடம் போடுவதுதான் இந்த வகை அடமானத்தின் இலக்கணமே.

வேடத்தைக் கலைப்பது எப்படி என்பதில்தான் உயர் நீதிமன்றங்கள் ஆளுக்கொரு பக்கம் இழுத்தன. 1929இல் 20ஆவது சட்டத்தின் மூலம் ஒரு வரம்புரை சேர்த்தார்கள்: விற்பனையை உண்டாக்கும் அதே பத்திரத்தில் நிபந்தனையும் எழுதியிருந்தால் ஒழிய, அது அடமானமாகக் கருதப்படாது. 1930 ஏப்ரல் 1 முதல் இது நடைமுறைக்கு வந்தது.

நம் பிகார் பத்திரத்தின் தேதி ஏப்ரல் 15. புது விதிக்கு வயது இரண்டு வாரம்.

போஸ் வாசித்த விதம்

விவியன் போஸின் தீர்ப்பு சின்னது. தொடக்கத்திலேயே ஒரு சலிப்பு தெரிகிறது. இந்தக் கேள்வி எப்போதும் தொல்லையும் வழக்கும் கொடுப்பது. உயர் நீதிமன்றங்கள் பழைய தீர்ப்புகளைத் திரட்டி ஒப்பிட்டு நிறைய உழைத்திருக்கின்றன. அந்த உழைப்பெல்லாம் வீண் என்கிறார். இரண்டு பத்திரங்கள் ஒரே வாசகத்தில் அமைவது அரிது, சூழ்நிலையையும் சேர்த்தால் ஒப்பிடவே முடியாது, ஒவ்வொன்றையும் அதனதன் உண்மையை வைத்தே முடிவு செய்ய வேண்டும் என்பது அவர் கருத்து. முன்னுதாரணம் தேடாதே என்று சொன்ன இந்தத் தீர்ப்பையே எழுபது ஆண்டாக எல்லா வக்கீல்களும் முன்னுதாரணமாக நீட்டிக்கொண்டிருக்கிறோம். நானும்தான்.

பிறகு படிகளை வைக்கிறார். முதல் படி, பத்திரத்தின் சொற்கள். சொற்கள் தெளிவாக இருந்தால் எழுதியவர்கள் மனத்தில் என்ன நினைத்தார்கள் என்ற ஆராய்ச்சிக்கே இடமில்லை. இருபொருள் பட்டால் மட்டும் சுற்றுச் சூழலைப் பார்க்கலாம். இங்கே கிரான்வொர்த் பிரபு 1858இல் இங்கிலாந்தில் சொன்ன கருத்தைத் துணைக்கு அழைக்கிறார்: கடன் கொடுத்தவர், கடன்பட்டவர் என்ற உறவைக் காட்டும் எதுவும் இல்லாத முழு விற்பனைப் பத்திரம், திரும்ப வாங்கும் உரிமை இருக்கிறது என்ற காரணத்தாலேயே அடமானமாகிவிடாது. அந்தக் கருத்துக்கு மறுபக்கமும் உண்டு என்று போஸ் உடனே சேர்க்கிறார். முகத்தைப் பார்த்தாலே அடமானமாகத் தெரியும் பத்திரத்தை, சம்பந்தமில்லாத நூறு காரணம் சொல்லி விற்பனையாக்கவும் முடியாது.

அடுத்து 1929ஆம் ஆண்டுத் திருத்தம். இரண்டு பத்திரமாக எழுதினால் அது அடமானமே ஆகாது. இதில் பேச்சுக்கு இடமில்லை. ஒரே பத்திரமாக எழுதினால்? அது கட்டாயம் அடமானம் என்று சட்டம் சொல்லவில்லை. ஆனால் சட்டம் இவ்வளவு தெளிவாகக் கோடு போட்ட பிறகும் ஒருவர் இரண்டு பத்திரம் எழுதாமல் ஒன்றே எழுதுகிறார் என்றால், அவர் விற்பனையை எண்ணவில்லை என்று ஊகிப்பது நியாயம். தெளிவான, வெளிப்படையான சொற்களால் அந்த ஊகத்தை உடைத்தால் சரி; இல்லையேல் (இ) உட்பிரிவின் நிபந்தனைகள் பொருந்தும் பத்திரம் அடமானமே. புது விதியின் இரண்டு வாரக் குழந்தையான இந்தப் பத்திரத்துக்கும் அதே அளவுகோல்தான். பிகார் கிராமத்துப் பத்திர எழுத்தர் ஏப்ரல் 1ஆம் தேதி நடைமுறைக்கு வந்த திருத்தத்தை ஏப்ரல் 15ஆம் தேதிக்குள் படித்திருப்பாரா என்ற சந்தேகம் எனக்கு உண்டு. சட்டம் தெரியாது என்று சொல்வதற்கு நீதிமன்றத்தில் இடமில்லை. எனவே கேள்வியை எழுப்பிவிட்டு நகர்கிறேன்.

தீர்ப்பின் அழகு அடுத்த கட்டத்தில் இருக்கிறது. அந்த 65 ரூபாய் 6 அணாவுக்கு வருகிறார் போஸ். அந்தப் பணம் எதற்கு? நிலத்தின் குத்தகையைத் தானியத்திலிருந்து பணத்துக்கு மாற்றக் கோரி, குடிவாரச் சட்டத்தின் 40ஆம் பிரிவின் கீழ் நடந்துகொண்டிருந்த வழக்கின் செலவுக்கு. நம் ஊர்ப் பேச்சில் சொன்னால், வாரமாக நெல் அளந்துகொண்டிருந்த குடியானவர், இனி இத்தனை ரூபாய் என்று நிர்ணயித்துக்கொடுங்கள் என்று கேட்ட வழக்கு. வெற்றி பெற்றால் சுமை குறையும், நிலத்தை வைத்திருப்பவருக்கு ஆண்டாண்டுக்கும் லாபம்.

இப்போது யோசித்துப் பாருங்கள். நிலத்தை இன்று நிரந்தரமாக விற்றுவிட்டுப் போகிறவன், அந்த நிலத்தின் குத்தகையைக் குறைக்க நாளை கோர்ட்டில் நிற்பானா? அதுவும் அந்த நிலத்தையே விற்ற காசில் ஒரு பங்கை எடுத்து அந்த வழக்குக்குச் செலவழிப்பானா? ஜெயித்தால் பலன் வாங்கியவனுக்கு. மாட்டை விற்றுவிட்டு, அந்தக் காசிலேயே அதற்குப் புண்ணாக்கு வாங்கிப் போடுகிறவன் யாரும் இல்லை. நிலம் தன்னிடம் திரும்பி வரும் என்று நினைத்தவன்தான் இந்தக் காரியத்தைச் செய்வான். பத்திரத்தின் வாசகத்தில் கிரயம் என்று எழுதியிருக்கலாம். பணம் போன வழி அடமானம் என்று சொல்லிவிட்டது.

இந்த வாதத்துக்கு வாய்மொழிச் சாட்சி தேவைப்படவில்லை என்பதுதான் இதன் பலம். எதற்குப் பணம் என்பது பத்திரத்திலேயே இருந்தது. எழுதப்பட்ட ஆவணத்தின் வாசகத்துக்கு மாறாக வாய்ச்சாட்சி சொல்லக் கூடாது என்பது சாட்சியச் சட்டத்தின் 92ஆம் பிரிவு. புதிய சாட்சியச் சட்டத்தில் அது 95ஆம் பிரிவு. "கடனுக்குத்தான் எழுதினேன் ஐயா, ஊரே சாட்சி" என்று கூண்டில் நின்று அழுதாலும் அந்தப் பிரிவு குறுக்கே நிற்கும். பத்திரத்துக்குள்ளேயே பணத்தின் காரணம் பதிந்திருந்ததால் பிகார்க் குடும்பம் தப்பியது.

பட்டா யார் பேரில்

பன்னிரண்டு ஆண்டு கழித்து அச்சேறிய இன்னொரு தீர்ப்பு நமக்கு இன்னும் பக்கம். ஏ.ஐ.ஆர். 1966 எஸ்.சி. 902; பாபுசுவாமி வழக்கு என்பார்கள். சென்னை மாகாணத்தில் எழுதிய பத்திரம். உச்ச நீதிமன்றம் அதையும் நிபந்தனைக் கிரய அடமானம் என்றே முடிவு செய்தது. காரணங்களை நான்கு வரியில் அடக்கிவிடலாம். ஆனால் ஒவ்வொரு வரியும் நம் கிராமத்துக் கச்சேரி வாசனையோடு இருக்கிறது.

திருப்பி எழுதிக்கொடுக்கும் நிபந்தனை அதே பத்திரத்தில் இருந்தது. கிரயத் தொகை 4,000 ரூபாய்; நிலத்தின் உண்மை மதிப்பு 8,000 ரூபாய் என்று கீழ்நீதிமன்றங்கள் கண்டிருந்தன. திரும்ப வாங்கவும் அதே 4,000 ரூபாய்தான். எல்லாவற்றுக்கும் மேலாக, வாங்கியவர் பேருக்குப் பட்டா மாறவில்லை. எழுதிக்கொடுத்தவரே தொடர்ந்து கிஸ்தி, அதாவது நிலத் தீர்வை, கட்டினார். அவர் இறந்த பிறகு அவருடைய பிள்ளைகள் கட்டினார்கள்.

பாதி விலை என்பது பலமான அறிகுறிதான், ஆனால் விலையை இரண்டு பக்கமும் இழுக்கலாம். அவசரத்தில் விற்றேன், அடிமாட்டு விலைக்குப் போனது என்று ஒரு கதை எப்போதும் கிடைக்கும். பட்டாவுக்கும் கிஸ்திக்கும் அப்படிக் கதை கட்டுவது கடினம். நிலம் வாங்கியவன் முதலில் செய்கிற வேலை பட்டா மாற்றம். அதைச் செய்யாமல் ஆண்டுக்கணக்கில் இருக்கிறான் என்றால், நிலம் தனக்குச் சொந்தமில்லை என்று அவன் மனசுக்குத் தெரிந்திருக்கிறது. நிலத்தை விற்றவன் தீர்வை கட்டிக்கொண்டே இருக்கிறான் என்றால், விற்கவில்லை என்று அவன் மனசுக்குத் தெரிந்திருக்கிறது. பத்திரம் எழுதும் நாளில் இருவரும் நடிக்கலாம். ஆண்டுதோறும் கிராம அதிகாரியிடம் போய் ரசீது வாங்கும்போது யாரும் நடிப்பதில்லை.

நான் முன்சீப் கோர்ட்டில் ஜூனியராகச் சேர்ந்த புதிதில், என் சீனியர் இத்தகைய வழக்கோடு யார் வந்தாலும் பத்திரத்தைப் பிரித்துப் பார்க்குமுன் ஒரே ஒரு கேள்வி கேட்பார்: "தீர்வை யார் கட்டுகிறார்கள்?" கட்சிக்காரர் திகைப்பார். பத்திரத்தில் மோசடி, மிரட்டிக் கையெழுத்து, பாதிப் பணம்தான் வந்தது என்று பெரிய கதையோடு வந்தவருக்கு, சில்லறைத் தீர்வையைப் பற்றிய கேள்வி அவமானமாகக்கூட இருக்கும். அந்தக் கேள்வி எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரிய இரண்டு ஆண்டு ஆனது.

ஒரு பத்திரம், இரண்டு பத்திரம்

இதுவரை சொன்னதை வைத்து, ஒரே பத்திரமாக இருந்துவிட்டால் போதும் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். 1960இல் அச்சேறிய பாஸ்கர் வாமன் ஜோஷி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: ஒரே பத்திரத்தில் நிபந்தனை இருப்பது அடமானத்துக்குத் தேவையான தகுதி, அதுவே முடிவு அல்ல. 1992இலும் 2013இலும் ஒரே பத்திரத்தில் நிபந்தனை இருந்த வழக்குகளிலேயே அதே நீதிமன்றம் விற்பனை என்று முடிவு செய்திருக்கிறது. கடன் என்ற உறவு எங்காவது தெரிய வேண்டும். தொகையிலோ, வட்டியிலோ, சுவாதீனத்திலோ, பட்டாவிலோ அது தலைகாட்ட வேண்டும்.

என் மனத்தாங்கல் வேறு பக்கம். 1929ஆம் ஆண்டுத் திருத்தம் குழப்பத்தைத் தீர்க்க வந்தது. தீர்த்தும் வைத்தது, யாருக்காக என்பதுதான் கேள்வி. பத்திரம் ஒன்றா இரண்டா என்று எண்ணுவது நீதிபதிக்குச் சுலபம். அதைவிடச் சுலபம் வட்டிக்கடைக்காரருக்கு. சட்டம் எண்ணிக்கையைப் பார்க்கும் என்று தெரிந்த நாளிலிருந்து அவர் ஒன்றை இரண்டாக எழுதக் கற்றுக்கொண்டார். முதல் பத்திரம் சுத்தக் கிரயம், பதிவு அலுவலகத்தில். இரண்டாவது, மறுகிரய உடன்படிக்கை, அதே நாளில், அதே மேஜையில். எழுதிக்கொடுப்பவருக்கு இரண்டும் ஒன்றாகத்தான் தெரியும். ஒரே கடன், ஒரே கட்டைவிரல் மை. சட்டத்தின் கண்ணுக்கு அவர் நிலத்தை விற்றுவிட்டவர். 2023இல் கர்நாடகத்திலிருந்து வந்த வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இந்த எண்ணிக்கையையே பிடித்துக்கொண்டது: திருப்பி எழுதும் நிபந்தனை தனிப் பத்திரத்தில் இருக்கிறது, எனவே அடமானம் இல்லை.

தனிப் பத்திரத்துக்குள் போய்விட்டால் கெடு எவ்வளவு கடுமையானது என்பதற்குச் சிம்ரத்மல் வழக்கைப் பார்க்கலாம், ஏ.ஐ.ஆர். 1963இல் இருக்கிறது. விற்றவர் அதே வீட்டில் வாடகைக்கு இருந்தார். இரண்டு ஆண்டுக்குள் திரும்ப வாங்கலாம். ஆனால் வாடகையை ஒழுங்காகக் கட்டி வர வேண்டும் என்று நிபந்தனை. வாடகை பாக்கி விழுந்தது. திரும்ப வாங்கும் உரிமை ஒரு சலுகை, சலுகையை அதன் நிபந்தனைப்படி எழுத்துக்கு எழுத்து நிறைவேற்றினால்தான் உண்டு, பறிபோனதை நீதிமன்றம் இரக்கப்பட்டுத் திருப்பித் தராது என்று முடிந்தது. தன் வீட்டுக்குத் தானே வாடகை கட்டுவது என்பது வட்டி கட்டுவதன் இன்னொரு பேர் என்று வாதிடலாம்தான். அடமானம் என்ற வாசல் மூடிய பிறகு அந்த வாதத்துக்கு உட்கார இடமில்லை.

ஒரு சந்து மட்டும் திறந்திருக்கிறது. 1982இல் அச்சான கங்காபாய் வழக்கில் நீதிபதி பாடக் சொன்னது: பத்திரத்தின் வாசகத்தை மாற்ற வாய்ச்சாட்சி கூடாது என்ற தடை, அந்தப் பத்திரம் உண்மையிலேயே செயல்பட வேண்டும் என்று இருதரப்பும் எண்ணிய இடத்தில்தான். அந்தப் பத்திரம் வெறும் போலி, அதை நிறைவேற்ற யாரும் எண்ணவே இல்லை, நடந்தது வேறு ஒப்பந்தம் என்று சொல்ல வாய்ச்சாட்சியைக் கொண்டுவரலாம். இது பெரிய ஆறுதல்தான். ஆனால் பத்திரம் அடமானம் என்று சொல்வதற்கும், பத்திரமே பொய் என்று சொல்வதற்கும் தூரம் அதிகம். இரண்டாவதை நிரூபிக்கும் பாரம் முழுவதும் கையெழுத்துப் போட்டவர் தலையில்.

இப்போதெல்லாம் மறுகிரய உடன்படிக்கைகூட அபூர்வம். கடனுக்கு ஈடாகப் பதிவு செய்த கிரய ஒப்பந்தம் வாங்கிக்கொள்கிறார்கள். கூடவே ஒரு பொது அதிகாரப் பத்திரம். கடன் என்ற சொல் எங்கேயும் இருக்காது. முன்பணம் பெற்றுக்கொண்டேன் என்றுதான் இருக்கும். 58ஆம் பிரிவு (இ) இந்தப் பத்திரங்களைத் தொடக்கூட முடியாது, ஏனென்றால் அங்கே வேடத்துக்குக்கூட ஒரு விற்பனை நடக்கவில்லை. தமிழ்நாட்டில் 2003இல் வந்த கந்துவட்டித் தடைச் சட்டம் இருக்கிறது. அது வட்டியைத் தொடும்; பத்திரத்தைத் தொடுவதற்கு மறுபடியும் சிவில் கோர்ட்டுக்குத்தான் வர வேண்டும்.

சீனியரின் கேள்விக்கு ஒருமுறை மிக நல்ல பதில் வந்தது. கிழக்குப் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்த பெரியவர். தோளில் துண்டு, கையில் மஞ்சள் பை. தீர்வை யார் கட்டுகிறார்கள் என்று கேட்டதும் அவர் முகம் மலர்ந்தது. பையிலிருந்து சணல் கயிறு கட்டிய ரசீதுக் கட்டை எடுத்து மேஜையில் வைத்தார். பதினோரு ஆண்டு ரசீது, ஒன்றுகூட விடுபடவில்லை, எல்லாம் அவர் பேரில். பட்டாவும் அவர் பேரிலேயே. நிலத்தில் அவர்தான் உழுதுகொண்டிருந்தார். நான் 1966ஆம் ஆண்டுத் தொகுதியை எடுக்க அலமாரிப் பக்கம் திரும்பிவிட்டேன்.

சீனியர் கட்டை அவிழ்த்துப் பார்க்கவில்லை. "பெரியவரே, பத்திரம் எத்தனை?" என்று கேட்டார்.

"இரண்டு, வக்கீல் ஐயா. நல்ல மனுஷன், எனக்கும் ஒன்று கொடுத்தான்" என்றார் பெரியவர்.